பள்ளிக்கூடக் கதைக்குள் வேலை எங்கே இருக்கிறது?

தருமபுரி மாவட்டம் பாலக்கோட்டுப் பக்கம் ஒரு நடுநிலைப் பள்ளியில் ஏழாம் வகுப்புக்குத் தமிழ் எடுக்கும் ஆசிரியை ஒருவர் கேட்டிருக்கிறார்: "என் வகுப்பில் பாதிப் பிள்ளைகளின் பெற்றோர் பெங்களூரில் கட்டட வேலை. மீதிப் பேர் வீட்டில் புளி, மாந்தோப்பு, கல்குவாரி. இவர்களுடைய பள்ளி வாழ்க்கையைச் சொல்லும் சிறுவர் கதைகள் தமிழில் உண்டா? நானே எழுதலாமா? எழுதினால் அழுகைக் கதையாகிவிடாமல் எப்படி எழுதுவது?"

டீச்சர், முதல் இரண்டுக்கும் பதில் சின்னது. உண்டு, விரல்விட்டு எண்ணிவிடலாம். எழுதலாம், தாராளமாக. மூன்றாவது கேள்விக்குத்தான் நிறையப் பேச வேண்டும்.

தமிழ்ச் சிறுவர் கதைகளில் ஏழைப் பிள்ளைக்குப் பஞ்சம் இருந்ததே இல்லை. வேலைக்குத்தான் பஞ்சம். கதையில் வரும் பையனின் அப்பா காலையில் எத்தனை மணிக்குக் கிளம்புகிறார், கூலி தினமா வாரமா, முன்பணம் வாங்கியிருக்கிறாரா, மழை பெய்த நாளில் சம்பளம் உண்டா என்பதெல்லாம் எதிலும் இருக்காது. 'ஏழை' என்று ஒரு சொல் போட்டுவிட்டால் போதும், எல்லாம் சொன்னதாக ஆகிவிடும். பிறகு அவன் தெருவில் கிடந்த பணப்பையைக் கண்டெடுப்பான், உரியவரிடம் ஒப்படைப்பான், பரிசு வாங்குவான். வசதியான வீட்டுப் பையன் கண்ணில் ஏனோ பணப்பை படுவதே இல்லை. நேர்மையை நிரூபிக்க வேண்டிய கட்டாயம் அவனுக்கு இல்லை போலிருக்கிறது.

வறுமையை விவரிப்பதை விட்டுவிட்டு வேலையை எழுதுங்கள் என்பதுதான் நான் சொல்லப்போவது. வறுமை ஒரு நிலை. அதை எவ்வளவு விவரித்தாலும் கதை நகராது, படிப்பவர் கண்தான் கலங்கும். வேலைக்கு நேரம் இருக்கிறது, பருவம் இருக்கிறது, கருவியும் கணக்கும் ஏமாற்றும் கெட்டிக்காரத்தனமும் இருக்கின்றன. பிள்ளைகளை உட்காரவைக்கும் சிக்கல்கள் அங்கேதான் கிடக்கின்றன.

பள்ளிக்கூடக் கதை என்னும் வகை இங்கிலாந்தில் பணக்கார வீட்டுப் பையன்களின் விடுதிப் பள்ளிகளில் வளர்ந்தது. 1857-இல் தாமஸ் ஹியூஸ் எழுதிய 'டாம் பிரௌனின் பள்ளி நாட்கள்' போட்ட பாதையில் தலைமுறை தலைமுறையாக நள்ளிரவுத் தின்பண்டமும் விளையாட்டுப் போட்டியுமாகவே கதைகள் ஓடின. 1937-இல் ஈவ் கார்னெட் என்ற ஓவியர், குப்பை அள்ளும் தந்தை, துணி வெளுத்துக் கொடுக்கும் தாய், ஏழு பிள்ளைகள் கொண்ட ஒரு குடும்பத்தைக் கதையாக்கினார். கார்னகி பதக்கமும் வாங்கினார். அதில் ஒரு பெண் உதவித்தொகையோடு மேல்பள்ளிக்குத் தேர்வாகிறாள். அடுத்த கவலை சீருடைக்குக் காசு. மேலே நின்று குனிந்து பார்த்து எழுதியது என்று பின்னால் வந்தவர்கள் அந்த நூலைக் குறை சொன்னார்கள். அதில் நியாயம் இருக்கிறது. ஆனாலும் சீருடை விலை கதைக்குள் வந்துவிட்டதே. 1968-இல் பாரி ஹைன்ஸ், தானே சுரங்கத் தொழிலாளியின் மகன், பள்ளியில் உடற்பயிற்சி ஆசிரியராக இருந்தவர், சுரங்க ஊர்ப் பையன் ஒருவன் வல்லூறு பழக்குவதை நாவலாக எழுதினார். 1978-இல் பிபிசி தொலைக்காட்சியில் 'கிரேஞ்ச் ஹில்' தொடங்கிய பிறகு சாதாரண அரசுப் பள்ளியும் அதன் சண்டை சச்சரவுகளும் பிள்ளைகளின் வீட்டுக்கூடத்துக்கே வந்துவிட்டன. அந்த ஊர்க் கதை நமக்கு இவ்வளவு போதும்.

ஒன்றை மட்டும் அங்கிருந்து எடுத்துக்கொள்ளலாம். விடுதிப் பள்ளிக் கதைகள் உலகமெங்கும் பிள்ளைகளுக்குப் பிடித்ததற்கு முக்கியக் காரணம், அவற்றில் பெற்றோர் கிடையாது. அப்பா அம்மா தலையிடாத இடத்தில் பிள்ளைகளே முடிவெடுக்கிறார்கள், மாட்டிக்கொள்கிறார்கள், தப்பிக்கிறார்கள். உங்கள் வகுப்பிலும் பெற்றோர் கிடையாது! பெங்களூர் சிவாஜிநகரிலோ ஒயிட்ஃபீல்டிலோ தகர ஷெட்டில் இருக்கிறார்கள். வீட்டில் பாட்டி, தாத்தா, தங்கை, ஆடு. விடுதிப் பள்ளி எழுத்தாளர்கள் மெனக்கெட்டு உருவாக்கிய சூழல் பென்னாகரம், அரூர் ஊர்களில் தானாக அமைந்திருக்கிறது. இதைக் கண்ணீருக்கு மட்டுமே பயன்படுத்துவது வீண்.

ஒரு உதாரணம் சொல்கிறேன், கற்பனைதான். உதவித்தொகைப் படிவத்தில் அப்பாவின் கையெழுத்து வேண்டும். செவ்வாய்க்கிழமை கடைசி நாள். அப்பா பெங்களூரில் சென்ட்ரிங் வேலையில் இருக்கிறார். தளம் போடும் வாரம் என்பதால் மேஸ்திரி விடமாட்டார். ஞாயிறு இரவு ஊரிலிருந்து வேலைக்குத் திரும்பும் பக்கத்து வீட்டு மாமாவிடம் படிவத்தைக் கொடுத்தனுப்புகிறாள் ஏழாம் வகுப்புப் பெண். மாமா பஸ்ஸில் தூங்கிவிடுகிறார், பை மாறிவிடுகிறது. இங்கே பாட்டியின் பட்டன் போனில் மூன்று ரூபாய்தான் மிச்சம். யாரை அழைப்பது? சித்தாள் வேலை செய்யும் அத்தையையா, மேஸ்திரியையா, டீக்கடைக்காரரையா? படிவம் போன வழி, வந்த வழி, கடைசியில் அதில் விழுந்திருக்கும் கையெழுத்தைச் சுற்றிச் சிமெண்ட் விரல் தடம். அலுவலகத்தில் 'படிவம் அழுக்காக இருக்கிறது' என்று திருப்பிக் கொடுத்தால் இன்னும் ஒரு அத்தியாயம் நீளும். புதையல் தேடும் கதையில் இருக்கும் அத்தனையும் இதிலும் இருக்கிறது. அப்பா எங்கே, என்ன செய்கிறார், ஏன் வர முடியவில்லை என்பதையும் தனியாக விளக்க வேண்டியதில்லை.

இனி நாட்காட்டி. எழுத உட்காரும் முன் ஒரு தாளில் இரண்டு நாட்காட்டிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வரைந்துகொள்ளுங்கள். பள்ளியின் நாட்காட்டி உங்களுக்கு மனப்பாடம்: ஜூனில் திறப்பு, செப்டம்பரில் காலாண்டு, டிசம்பரில் அரையாண்டு, ஏப்ரலில் முழு ஆண்டு. மற்றொன்று ஊரின் நாட்காட்டி. மாசி, பங்குனியில் புளி. சித்திரை தொடங்கி ஆடி வரை மாங்காய். ஆடிப்பெருக்குக்கு ஒகேனக்கல். தையில் ஊருக்குத் திரும்பும் பெங்களூர் பஸ்கள். இந்த இரண்டும் எங்கெல்லாம் மோதுகின்றனவோ அங்கெல்லாம் ஒரு கதை இருக்கிறது.

புளியை எடுத்துக்கொள்வோம். தருமபுரி, கிருஷ்ணகிரி என்ற நம் இரு மாவட்டங்களிலும் வீட்டு வாசலிலேயே நடக்கும் வேலை அது. மூட்டையைக் கொண்டுவந்து இறக்குவார்கள். ஓட்டைத் தட்டி உடைத்து, நாரை உரித்து, பழத்தைக் கீறிக் கொட்டையை எடுக்க வேண்டும். கூலி கிலோவுக்கு இவ்வளவு என்று. அதனால் வீட்டில் எத்தனை கை இருக்கிறது என்பதே வருமானம். பள்ளி விட்டு வரும் கையும் அதில் சேரும். இரண்டு வாரத்தில் விரல் நுனி கறுத்துப்போகும், நகக்கண்ணில் புளி ஏறி எரியும். சோப்புக்குப் போகாத கறை அது. அதே பங்குனியில்தான் தேர்வுக்குப் படிக்க வேண்டும். விடைத்தாளைப் புரட்டும்போது ஓரத்தில் பழுப்புத் தடம் விழுந்திருந்தால், 'சுத்தமாக எழுது' என்று சிவப்பு மையில் எழுதும் ஆசிரியரும் அந்தக் கதையில் ஒரு பாத்திரம்தான்.

இதைச் சோகமாகவும் எழுதலாம், துப்பறியும் கதையாகவும் எழுதலாம். நான் இரண்டாவதைச் செய்வேன். புளி கொடுக்கும் ஏஜெண்ட் காலையில் எடைபோட்டு மூட்டையைக் கொடுக்கிறார். வேலை முடிந்ததும் பழம், கொட்டை, ஓடு, நார் எல்லாவற்றையும் சேர்த்து எடைபோட்டுக் கணக்குப் பார்க்கிறார். ஒவ்வொரு முறையும் குறைகிறது. குறைவதைக் கூலியில் பிடித்துக்கொள்கிறார். பாட்டிக்குத் திருட்டுப் பட்டம். பேரனும் அவன் கூட்டாளிகளும் தராசைச் சந்தேகித்து, ரேஷன் கடை எடைக்கல்லை இரவல் வாங்கிச் சோதிக்கிறார்கள். தராசு சரியாக இருக்கிறது! பிறகு யார் எடுக்கிறார்கள்? அறிவியல் ஆசிரியர் ஆவியாதல் நடத்தும் நாளில் ஒருத்திக்குப் பளிச்சென்று பிடிபடுகிறது: பகல் முழுக்க வெயிலில் பரப்பிக் கிடக்கும் புளி ஈரத்தை இழக்கிறது. திருடன் வெயில்தான். ஆனால் வெயில் திருடியதற்குக் கூலியில் பிடித்தவர் யார் என்ற கேள்வி மிச்சம் இருக்கிறது. அதைக் கேட்கப் பிள்ளைகளோடு பெரியவர்கள் போகிறார்களா, பிள்ளைகள் மட்டும் போகிறார்களா என்பதை எழுதுபவர் முடிவு செய்யட்டும். பாடமும் வேலையும் இங்கே ஒன்றையொன்று விரட்டவில்லை என்பதைக் கவனியுங்கள். வகுப்பறையில் கற்றது வாசலில் உதவுகிறது.

மாம்பழக் கதை வேறு மாதிரி. கிருஷ்ணகிரிப் பக்கம் மாங்கூழ் தொழிற்சாலைகள் சீசன் மாதங்களில்தான் முழுவீச்சில் ஓடும். பெங்களூரா என்று நாம் சொல்லும் கிளிமூக்கு மாங்காய் லாரி லாரியாக வந்து இறங்கும் நேரமும் பள்ளி திறக்கும் ஜூன் மாதமும் ஒன்று. அம்மா ஷிஃப்டுக்குப் போய்விட்டால் இரண்டு வயதுத் தம்பியை யார் பார்ப்பது? அக்கா. வருகைப் பதிவேட்டில் அக்காவின் பெயருக்கு நேரே, வராத நாளுக்கான 'வ.இ.' விழுந்துகொண்டே போகும். ஆசிரியர் வீடு தேடிப் போய் அறிவுரை சொல்வதாக எழுதுவது வழக்கம். அவள் தம்பியை வகுப்புக்கே தூக்கி வந்துவிட்டால்? வகுப்பு மொத்தமும் சேர்ந்து அவனை ஒளித்துவைக்கிறது. கடைசி பெஞ்சுக்கு அடியில், பைகளுக்கு நடுவே. கணக்கு வகுப்பில் அவனுக்குத் தும்மல். சத்துணவு வரிசையில் ஒரு முட்டை கூடுதலாகக் குறைகிறது. அமைப்பாளர் அம்மா எண்ணி எண்ணிப் பார்க்கிறார். வட்டாரக் கல்வி அலுவலர் பார்வைக்கு வரும் நாளில் பையன் விழித்துக்கொள்கிறான். உங்கள் பிள்ளைகள் வயிறு வலிக்கச் சிரிப்பார்கள் என்று என்னால் உறுதியாகச் சொல்ல முடியும். சிரித்துக்கொண்டே, அம்மாவின் கையில் மாம்பால் பட்டு வெந்த இடத்தையும் பார்த்துவிடுவார்கள். ஒரு வரி போதும் அதற்கு.

வெளியூர் எழுத்தாளர் கண்ணில் படாத நுணுக்கங்கள் சில உங்களுக்குச் சும்மா கிடைக்கும். காலை உணவுத் திட்டம் 2022 செப்டம்பரில் தொடங்கி 2023 ஆகஸ்டில் அரசுத் தொடக்கப் பள்ளிகள் முழுவதற்கும் வந்தது. ஒன்று முதல் ஐந்து வகுப்பு வரை. நடுநிலைப் பள்ளியில் இதன் பொருள் என்ன? ஐந்தாம் வகுப்புத் தம்பிக்கு உப்புமா உண்டு, அதே வளாகத்தில் ஆறாம் வகுப்பு அண்ணனுக்குக் கிடையாது. போன ஏப்ரல் வரை வரிசையில் நின்றவன் இந்த ஜூனில் தூண் ஓரம் நிற்கிறான். வயது ஏறியதற்குக் கிடைத்த முதல் தண்டனை என்று அவன் நினைக்கலாம், அல்லது பெரியவனாகிவிட்டேன் என்று மிடுக்காகத் திரும்பிக்கொள்ளலாம். நான் இரண்டாவதைத்தான் எழுதுவேன்.

பற்கள் இன்னொன்று. நிலத்தடி நீரில் ஃபுளூரைடு மிகுந்த ஊர்களில் வளர்ந்தவர்களின் பற்களில் பழுப்புக் கறை ஏறியிருக்கும். பல் உருவாகும் வயதிலேயே படிவது, தேய்த்துப் போகாது. ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013-இல் பயன்பாட்டுக்கு வந்ததே இதற்காகத்தான். வகுப்புப் புகைப்படம் எடுக்கும் நாளில் வாயைத் திறக்காமல் சிரிக்கும் பழைய மாணவர்களை இந்த மாவட்டத்து ஆசிரியர்களுக்குத் தெரியும். அப்பாவின் பள்ளிப் புகைப்படத்தைப் பார்த்து 'நீ ஏம்பா சிரிக்கவே இல்லை?' என்று மகள் கேட்டால், அதிலிருந்து ஒரு தண்ணீர்க் கதையே எழுதிவிடலாம்.

மொழியையும் மறந்துவிடாதீர்கள். ஓசூர், தேன்கனிக்கோட்டை, தளி வட்டாரங்களில் வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசிவிட்டுப் பள்ளியில் தமிழ் படிக்கும் பிள்ளைகள் ஏராளம். பெங்களூரில் பெற்றோரோடு இருந்து இரண்டு ஆண்டு கன்னடப் பள்ளியில் படித்துவிட்டு ஊர் திரும்பும் பிள்ளையும் உண்டு. அவனுக்கு 'ಅ' வடிவம் தெரியும், 'அ' தடுமாறும். வகுப்பில் மக்கு என்று பெயர் வாங்கும் அவன், பெங்களூர் பேருந்து நிலையத்தில் ஊர்க்காரர்கள் அத்தனை பேருக்கும் பலகை படித்துச் சொல்லும் ஒரே ஆளாக மாறும் காட்சியை நினைத்துப் பாருங்கள். நம் சிறுவர் கதைகளில் எல்லாப் பிள்ளையும் ஒரே மாதிரித் தமிழ் பேசுவது எனக்கு எப்போதும் அலுப்பூட்டும்.

சாதியைப் பற்றி. கூலி வேலை என்று எழுதிவிட்டுச் சாதியைத் தொடாமல் விட்டால், இங்கே எந்தப் பிள்ளையும் அந்தக் கதையை நம்பாது. ஊரும் காலனியும் எங்கே பிரிகின்றன, எந்தத் தெரு வழியாக சைக்கிளில் போகலாம், யார் வீட்டில் தண்ணீர் கேட்கலாம் என்பதெல்லாம் மூன்றாம் வகுப்புப் பிள்ளைக்குத் தெரியும். அதற்காகப் பக்கம் பக்கமாகப் பிரசங்கம் வேண்டாம். இரண்டு தோழிகள் பள்ளி வரை ஒன்றாக வந்து, திரும்பும்போது ஒரு குறிப்பிட்ட புளியமரத்தடியில் பிரிந்து போகிறார்கள் என்று எழுதினால் படிப்பவருக்கே புரியும். ஒருநாள் அந்த மரத்தைத் தாண்டி ஒருத்தி வந்துவிடுகிறாள். மேற்கொண்டு என்ன நடக்கும் என்பதை எழுத உங்களுக்கு ஓரளவு துணிச்சல் வேண்டும், தலைமை ஆசிரியரின் ஆதரவும் வேண்டும். இரண்டும் இல்லாத ஆண்டில் இந்தக் கதையை விட்டு வேறொன்றை எழுதுங்கள். அரைமனதாக மட்டும் எழுத வேண்டாம்.

'பிள்ளைகள் வேலை செய்வதைக் கதையில் காட்டினால் குழந்தைத் தொழிலாளர் முறையை ஆதரிப்பதாகாதா?' என்று யாராவது கேட்பார்கள். 2016-இல் திருத்தப்பட்ட சட்டப்படி 14 வயது நிறையாத பிள்ளையை எந்தத் தொழிலிலும் அமர்த்தக் கூடாது. பள்ளி நேரம் போக, விடுமுறையில், குடும்பத் தொழிலில் உதவலாம் என்று ஒரு விலக்கு இருக்கிறது. ஏஜெண்ட் கொடுக்கும் புளியை வாசலில் தட்டுவது குடும்பத் தொழிலா, வெளியார் வேலையா? பெரியவர்களே சண்டை போடும் கேள்வி. கதை அதற்குத் தீர்ப்பு சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்த வேலையால் தூக்கம் போகிறது, வீட்டுப்பாடம் போகிறது என்பதை மறைத்து 'உழைக்கும் சிறுவன் உயர்ந்தவன்' என்று மெச்சினால் அது பொய். அப்படிப்பட்ட மெச்சலுக்குத்தான் நான் பயப்படுவேன், வேலையைக் காட்டுவதற்கு அல்ல.

இன்னும் இரண்டு வழக்கங்களைத் தள்ளிவையுங்கள். ஒன்று, வந்திறங்கி எல்லாவற்றையும் சரிசெய்யும் ஆசிரியர். நீங்கள் ஆசிரியர் என்பதால் இந்த ஆசை உங்களுக்கு வரும், கையைக் கட்டிப் போடுங்கள். மற்றொன்று, கடைசி அத்தியாயத்தில் நாயகி கலெக்டர் ஆவது. அவள் ஆகட்டும், நல்லதுதான். ஆனால் நாற்பது பேர் வகுப்பில் ஒருத்தி கலெக்டரானால் மற்ற முப்பத்தொன்பது பேரும் கதையில் தோற்றவர்கள் ஆகிவிடுகிறார்கள். பத்தாம் வகுப்பில் கணக்கில் தவறி, துணைத் தேர்வு எழுதி, ஓசூர் கம்பெனியில் வேலைக்குப் போகும் பிள்ளைக்கும் ஏழாம் வகுப்பில் ஒரு பெரிய நாள் இருந்திருக்கும். அந்த நாளை எழுதுங்கள். வெற்றி சின்னதாக இருக்கட்டும்: படிவம் நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தது, தம்பிக்கு அங்கன்வாடியில் இடம் கிடைத்தது, வெயில் குறைத்த எடையை இனிக் கூலியில் பிடிக்காமலிருக்க ஏஜெண்ட் சம்மதித்தார்.

நடைக்கு ஒரு யோசனை. 2011 கணக்கெடுப்பில் மாநில எழுத்தறிவு 80.1 விழுக்காடு, தருமபுரியில் 68.5, மாவட்டங்களில் கடைசி இடம் நமக்கு. அப்படியென்றால் உங்கள் கதைப் புத்தகம் பல வீடுகளில் கண்ணால் படிக்கப்படாது, பிள்ளை உரக்கப் படிக்கப் பாட்டி கேட்பார். காதுக்கு எழுதுங்கள். வாக்கியம் மூச்சுக்குள் அடங்கட்டும். பேச்சு வரும் இடங்களில் பாட்டி பாட்டியாகவே பேசட்டும். பாட்டிக்கு வேலை தெரியும் என்பதால் தப்பு எழுதினால் அங்கேயே நிறுத்திவிடுவார்; அதைவிட நல்ல பதிப்பாசிரியர் சென்னையிலும் கிடைக்க மாட்டார்.

முதலில் ஆயிரம் சொல்லுக்குள் ஒரு கதை போதும். கடைசிப் பாடவேளையில் படித்துக் காட்டுங்கள். எங்கே சலசலக்கிறார்கள் என்று குறித்துக்கொண்டு அந்தப் பத்தியை வெட்டுங்கள். பிள்ளைகளையும் எழுதச் சொல்லுங்கள்: 'என் வீட்டு வேலை ஒன்றைச் செய்வது எப்படி' என்று தலைப்புக் கொடுத்தால் போதும், 'என் குடும்பம்' என்று கொடுத்தால் எல்லாரும் ஒரே கட்டுரையைத்தான் எழுதுவார்கள். நன்றாக வந்தவற்றைப் பள்ளிக்கல்வித் துறையின் தேன்சிட்டு இதழுக்கு அனுப்பலாம், ஆறாம் வகுப்பு முதல் ஒன்பதாம் வகுப்பு வரை உள்ளவர்களுக்கான இதழ் அது. உங்கள் கதையில் ஊர்ப் பெயரையும் ஆட்களின் பெயரையும் மாற்றிவிடுங்கள், நாளைக்கு யாரும் சண்டைக்கு வரக் கூடாது. புளிக்கு உரிய கூலியை மட்டும் மாற்றாமல் இந்த ஆண்டு உங்கள் ஊரில் கொடுப்பதையே போடுங்கள். அதில் ஒரு ரூபாய் பிசகினாலும் முதல் பெஞ்சிலிருந்தே குரல் வரும்.